பம்பரத்தின் பல்லி

பெரிய ஓட்டல் ஒன்றின் அடித்தளத்தில், ஜன்னலே இல்லாத சலவைக்கூடத்தில் அவளுக்கு வேலை. மேலே தங்கியவர்கள் கசக்கிப்போட்ட படுக்கை விரிப்புகளை இஸ்திரி போட்டு மடிக்க வேண்டும். பக்கத்து மேஜையில் வாயாடி அக்கா. வீட்டுக்குப் போனால் மாமியார், கணவன், அவன் தம்பி, ஒரே மகள். நான்கு பேரும் பசியோடு வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

ஒருநாள் பாய்லருக்குப் பின்னால் விழுந்த தலையணை உறையை எடுக்கப் போனவளின் கையில் அது ஏறிக்கொண்டது. பல்லி என்றால் பல்லி இல்லை, ஓணான் என்றால் ஓணானும் இல்லை. சாம்பல் நிறத்தில், உள்ளங்கை நீளம் இருந்தது. இமைகள் கீழிருந்து மேலே ஏறின. ஏனோ அவளுக்கு உதறத் தோன்றவில்லை. நெற்றியை ஒரு விரலால் தடவினாள். அது சொக்கிப்போய்க் கண்ணை மூடியது.

சத்தம் நின்றது. ஆவி பஞ்சுபோல அந்தரத்தில் தொங்கியது. வாயாடி அக்கா ஏதோ சொல்ல வாயைத் திறந்தபடியே நின்றாள். குழாயிலிருந்து விழுந்த தண்ணீர் கண்ணாடிக் கம்பியாய் நின்றது. அவளால் மட்டும்தான் அசைய முடிந்தது. பயந்து அதை உலுக்கினாள். அது கண் திறந்ததும் அக்கா விட்ட இடத்திலிருந்து பேச்சைத் தொடர்ந்தாள்.

அதை ஒரு காலி பவுடர் டப்பாவில் போட்டு வைத்துக்கொண்டாள். முதல் சில நாட்கள் அதன் தயவில் அவள் செய்தது ஒன்றே ஒன்றுதான். சூடான விரிப்புக் குவியலின் மேல் படுத்துத் தூங்கினாள். கல்யாணமானதிலிருந்து அப்படித் தூங்கியதில்லை.

அத்தோடு விட்டிருக்கலாம். மகளுக்குக் காய்ச்சல் கண்ட ஒரு நாள், சீக்கிரம் வீட்டுக்குப் போவதற்காக மிச்ச வேலையையும் அதன் நெற்றியைத் தடவி, எல்லாம் நின்ற நேரத்திலேயே முடித்தாள். சூப்பர்வைசர் குவியலைப் பார்த்துவிட்டு, "பம்பரமா சுத்துறியேம்மா!" என்றார். அன்றிலிருந்து அதுவே பெயர். மறுநாள் குவியல் பெரிதானது. வேலை செய்கிற மாட்டுக்குத்தானே பாரம்! கொஞ்ச நாளில் வாயாடி அக்காவுக்கு வேலை போயிற்று.

"ரெண்டு ஆளு வேலைய நீ ஒருத்தியே செஞ்சா என்னை எதுக்குடி வச்சிருப்பாங்க?" என்றாள் அக்கா. "கோடாலிக்காம்பா வந்து வாய்ச்சியே!" அதன்பின் அவள் இவளோடு பேசவே இல்லை.

வீட்டிலும் அதே கதைதான். மாமியார் அடுப்பங்கரைப் பக்கமே வருவதை விட்டாள். கொழுந்தன் சட்டைகளைக் கட்டிலிலேயே கழற்றிப் போட்டான். ஒருநாள் டப்பாவைத் திறக்காமல் இருந்து பார்த்தாள். "இத்தனை நாள் முடிஞ்சுதே, இன்னைக்கு மட்டும் என்ன கொழுப்பு?" என்றான் கணவன். மறுநாள் திறந்தாள்.

நின்றதெல்லாம் மற்றவர்களின் நேரம்தான். அவளுடையது ஓடிக்கொண்டே இருந்திருக்கிறது. முதலில் காதோரம் நரைத்தது. பிறகு பல் ஆடியது, முதுகு வளைந்தது. வயது நாற்பதைத் தாண்டவில்லை. மாமியாருக்கு அக்கா போல இருந்தாள். டாக்டர் சத்து மாத்திரை எழுதிக்கொடுத்தார். கணவன் தன் கட்டிலை அடுத்த அறைக்கு மாற்றிக்கொண்டான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை கணவனின் புது மேலதிகாரி மனைவியோடு வீட்டுக்கு வந்தார். பம்பரம் டீ கொண்டுவந்து வைத்தாள். அந்த அம்மாள் எழுந்து நின்று மரியாதையாகக் கேட்டாள்: "இவங்க...?"

"எங்கம்மா" என்றான் அவன். நாக்கு கூசவில்லை.

உண்மையான மாமியார் உள்ளறையில் இருமிக்கொண்டிருந்தாள். பம்பரம் "சர்க்கரை போதுமா தம்பி?" என்று அவனையே கேட்டுவிட்டு உள்ளே போனாள். அவன் முகம் சுண்டிப்போனது. அவள் அடைந்த ஒரே லாபம் அதுதான்.

அடுப்பங்கரையில் பவுடர் டப்பா மகளின் கையில் இருந்தது. எவ்வளவு நாளாகப் பார்த்துக்கொண்டிருந்தாளோ, தெரியவில்லை.

"எல்லாம் எனக்குத் தெரியும்மா. பரீட்சை முடியற வரைக்கும் மட்டும் எனக்குக் குடு. அப்புறம் திருப்பித் தந்துடுறேன்."

"வேண்டாம் கண்ணு. என் மூஞ்சியப் பாரு."

"நீ அளவில்லாம எடுத்தே. நான் அளவாத்தான் எடுப்பேன்."

நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன் என்று அவள் சொல்லவில்லை. சொன்னால் பதினாறு வயதுக்கு ஏறாது. டப்பாவைப் பிடுங்கிக்கொண்டு பின்வாசல் வழியே நடந்தாள். வீட்டுக்குப் பின்னாலிருந்த தொழிற்சாலைச் சுவருக்கு அப்பால் சாக்கடை ஓடியது. அங்கே அதைத் தரையில் விட்டாள். அது போகவில்லை. பழக்க தோஷத்தில் நெற்றியை நீட்டிக்கொண்டு நின்றது. போ, போ என்று விரட்டினாள். அது அவள் செருப்பின் மேல் ஏறிப் படுத்தது. வீட்டிலிருந்து மகள் கூப்பிட்டுக்கொண்டே ஓடிவருவது கேட்டது. ஒரு செங்கல்லை எடுத்தாள்.

உலகம் நிற்கவில்லை. சாக்கடை அதுபாட்டுக்கு ஓடியது.

மகள் பரீட்சையில் தேறவில்லை. பிறகு எப்படியோ ஒரு துணிக்கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். ஓட்டலில் பம்பரத்தை, "வயசாயிடுச்சு பாட்டி, போய் ஓய்வெடுங்க" என்று அனுப்பிவிட்டார்கள். வீட்டில் பாத்திரங்கள் மலையாய்க் குவிந்தன. அவள் தன் தட்டை மட்டும் கழுவிக்கொண்டாள்.

மகள் இன்னும் அதை மறக்கவில்லை. கடையிலிருந்து கால் வீங்கி வரும் நாட்களில் செருப்பை உதறிக்கொண்டே சொல்வாள்: "ஊருக்கெல்லாம் உழைக்கிறதுக்கு அது இருந்துச்சு. எனக்குன்னு கேட்டப்பதான் உனக்குக் கல்லு கிடைச்சுது."

அம்மா வெந்நீர் கொண்டுவந்து, மகளின் கருத்த தலைமுடியைப் பார்த்தபடி அவள் காலடியில் வைப்பாள்.