ஐந்தும் இருபதும்

அமெரிக்காவின் மின்னசோட்டா மாநிலத்து நூர்டால் ரயில் நிலையத்தில் முப்பத்தொரு வருஷம் நிலைய அதிகாரியாக இருந்த ஹால்வர் ஸ்கார், எந்த எண்ணையும் இரண்டு தடவை சொல்வார். "ஹால்வருக்கு எதிரொலி கூடவே பொறந்தது" என்று ஊரில் கேலி பேசுவார்கள். அவர் சிரித்துவிட்டுப் போவார். 1905க்கு முன்னால் அந்தப் பழக்கம் அவரிடம் இல்லை. அப்போது அவன் இருபது வயதுக் கல்லூரி மாணவன்.

நூர்டாலில் நோர்வேக்காரர்கள் நடத்திய சிறிய கல்லூரி அது. அதன் கால்பந்து அணியில் பதின்மூன்று பேர். பந்தைக் காலால் உதைப்பது குறைவு; நெஞ்சோடு அணைத்துக்கொண்டு எதிரிகளின் கும்பலுக்குள் முட்டிப் பாய்வதுதான் ஆட்டம். அந்த இலையுதிர் காலத்தில் செய்தித்தாளைப் பிரிக்கவே பயமாக இருந்தது. எங்காவது ஒரு கல்லூரிப் பையன் கழுத்து முறிந்து செத்திருப்பான்.

அந்த வருஷம் தம்பி ஐனாரும் கல்லூரியில் சேர்ந்து, சேர்ந்த வாரமே அணிக்குள் வந்துவிட்டான். பண்ணையிலிருந்து அம்மா வண்டி கட்டிக்கொண்டு வந்தாள்.

"அவனையும் இழுத்து விட்டுட்டல்ல?"

"நான் இழுக்கலம்மா. அவனா வந்தான்."

"கிறிஸ்துமஸுக்கு முழுசா கொண்டாந்து என் மேசையில உக்கார வை. வேற ஒண்ணும் கேக்கல."

ஒவ்வொரு முறையும் பந்து யாரிடம் போக வேண்டும் என்பதை எண்ணாகக் கூவுவது ஹால்வரின் வேலை. ஐம்பத்திரண்டு என்றால் பந்து பெரிய குனூட்டுக்கு. அவன் ஓரமாகச் சுற்றி ஓடுவான். இருபத்தைந்து என்றால் ஐனாருக்கு. அவன் நட்டநடுவில் தலையை நுழைக்க வேண்டும். இரண்டாவது ஆட்டத்தில் எதிரிகள் எண்களைக் கண்டுபிடித்துவிட்டார்கள். தோற்றுத் திரும்பியதும், பயிற்சி கொடுத்த லத்தீன் ஆசிரியர் எக்கெ ஒரு வழி சொன்னார்.

"இனிமே நோர்வே மொழியில கூவு. அந்த யாங்கிப் பயலுகளுக்கு ஒரு எழவும் புரியாது."

எல்லோரும் கைதட்டினார்கள். ஹால்வர் மட்டும் தட்டவில்லை. எட்டு வயதிலிருந்து நகரத்தில் சித்தி வீட்டில் வளர்ந்து ஆங்கிலத்தில் படித்தவன் அவன். எண்கள் அவன் தலைக்குள் ஆங்கிலத்தில்தான் முளைக்கும். நோர்வே மொழியில் சிறிய எண் முன்னால் வரும்: இருபத்தைந்து என்பது 'ஐந்தும் இருபதும்', ஐம்பத்திரண்டு 'இரண்டும் ஐம்பதும்'. நிதானமாக இருந்தால் சரியாக வரும். மூச்சு வாங்கினால்?

விடுதியில் தட்டு கழுவும்போதும் முணுமுணுத்துப் பழகினான். அடுத்த இரண்டு ஆட்டங்களிலும் நாக்கு பிறழவில்லை, ஜெயித்தார்கள். ஆனால் கடைசி ஆட்டம் வெல்டன் கல்லூரியுடன். அவர்களின் நடுவரிசையில் மூன்று பேர் அலமாரி மாதிரி நிற்பார்கள். போன வருஷம் ஒருவனின் விலா எலும்பை நொறுக்கியவர்கள். ஹால்வர் யாருக்கும் தெரியாமல் ஒரு முடிவெடுத்தான். அன்று முழுக்க ஐனாரை நடுவில் அனுப்பப்போவதில்லை.

நவம்பர் குளிரில் மைதானம் கல்லாக இறுகியிருந்தது. இரண்டு பேர் ஏற்கெனவே அடிபட்டு ஊரில் கிடந்ததால், சரியாகப் பதினொரு பேர்தான் வந்திருந்தார்கள்.

"டேய், சாம்பத்தண்ணி மீன் நாத்தம் குடலப் பொரட்டுதுடா!" என்றான் அலமாரிகளில் ஒருவன், நோர்வேக்காரர்கள் சாம்பல் நீரில் ஊறவைத்துத் தின்னும் மீனைக் குத்திக்காட்டி.

"தின்னு பாரு, மூளை வளரும்!" என்றான் குனூட்.

ஆட்டம் முடியும் நேரத்தில் ஆறுக்கு ஐந்து என்று பின்தங்கியிருந்தார்கள். எல்லைக்கோட்டுக்குப் பன்னிரண்டு கெஜம். ஹால்வரின் மூச்சு இரைத்தது. ஐம்பத்திரண்டு என்று ஆங்கிலத்தில் நினைத்தான். ஐந்து முதலில், இரண்டு பிறகு. வாய் அதே வரிசையில் திறந்தது.

"ஐந்தும் இருபதும்!"

சொன்ன கணமே தெரிந்துவிட்டது. அதற்குள் பந்து அவன் கைக்கு வந்துவிட்டது. குனூட் இருக்க வேண்டிய இடம் காலி. எதிரே ஐனார் இரண்டு கைகளையும் விரித்து ஓடி வந்தான். பந்தைத் தானே அணைத்துக்கொண்டு கீழே விழுந்திருக்கலாம். ஆயிரம் தடவை பழகிய கை பந்தைத் தம்பியிடம் கொடுத்துவிட்டது.

ஒன்பது கெஜம் முட்டிப் பாய்ந்ததும் கும்பல் அவனை மூடியது. நடுவர் ஊதினார். ஒவ்வொருவராக இழுத்து எடுத்தார்கள். அடியில் ஐனார் கிடந்தான், பிறகு தானாகவே எழுந்தான். எழுந்து போய் வெல்டன் வரிசையில் நின்றுகொண்டான்.

ஹால்வர் ஓடிப்போய் அவன் முகத்தைப் பிடித்தான். "டேய், இன்னிக்கி என்ன கிழமை?"

"பால் கறக்கணும்ணே."

"இவன் வெளிய போறான்" என்றான் ஹால்வர் நடுவரிடம். வெளியே போனவன் திரும்ப உள்ளே வர முடியாது.

குனூட் கத்தினான். "பைத்தியமா உனக்கு? இன்னும் மூணு கெஜம்டா! பத்து பேர வெச்சு என்ன புடுங்கறது?"

"பத்து பேர வெச்சே ஆடலாம்."

ஆடித் தோற்றார்கள். ரயிலில் ஹால்வர் எல்லோர் முன்னாலும் எழுந்து நின்றான். "நான் நெனச்சது ஐம்பத்திரண்டு. வாய்ல வந்தது வேற. தப்பு என்னோடது." எக்கெ ஆசிரியர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தார்.

தெளிந்திருந்த ஐனார்தான் வெகுநேரம் கழித்துக் கேட்டான். "அப்போ ஆட்டம் பூரா என் நம்பர நீ கூப்பிடவே மாட்டேன்னு இருந்தியா?"

"ஆமா."

"நான் ஒதவாதவன்னு நெனச்சேன்ணே. வாய் தவறியாவது ஒரு தடவ கூப்பிட்டியே." சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். ஹால்வர் அவனைத் தூங்க விடாமல் வழி நெடுகக் கிழமையைக் கேட்டுக்கொண்டே வந்தான்.

நூர்டால் மருத்துவர் சோதித்துவிட்டு ஒன்றுமில்லை என்றார். ஹால்வர் நம்பவில்லை. டிசம்பர் முழுவதும் தம்பியின் நடையைப் பார்த்தான், சாப்பிடுவதைப் பார்த்தான். எல்லாம் சரியாகத்தான் இருந்தது.

கிறிஸ்துமஸ் மேசையில் ஐனாருக்கு இடப்பக்கம் அம்மா உட்கார்ந்திருந்தாள். "ஐனார், அந்த உருளைக்கிழங்க இப்படித் தள்ளு" என்றாள். அவன் சாப்பிட்டுக்கொண்டே இருந்தான். அம்மா இன்னும் கொஞ்சம் உரக்கச் சொன்னாள். அவன் திரும்பவில்லை. இடது காதில் அது விழவே இல்லை.

அம்மா ஐனாரைப் பார்க்கவில்லை. ஹால்வரைப் பார்த்தாள்.

ஹால்வர் கரண்டியை வைத்தான். "அம்மா, அன்னிக்கி மைதானத்துல நான் ஒரு எண்ணு கூவினேன்" என்று ஆரம்பித்தான்.