தலைகீழாக வந்த குரல்

அந்தக் குரலை முதன்முதலாகக் கேட்டபோது லைனில் பழுது என்றுதான் நினைத்தேன்.

யுத்தம் நடந்துகொண்டிருந்த காலம். மதுரை டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வெளியூர்க் கால்களைச் சேர்த்துக் கொடுக்கும் டிரங்க் போர்டில் நான் உட்கார்ந்திருந்தேன். ஊருக்குத் தெற்கே பொட்டல்வெளியில் புதிதாக எழும்பியிருந்த விமானப்படை முகாமின் கமாண்டர் பெங்களூருக்குக் கால் கேட்டிருந்தார். திருச்சி வழியாகச் சேர்த்துக் கொடுத்தேன். இரண்டு பக்கமும் பேச்சு ஆரம்பித்ததும் விலகிக்கொண்டேன். லைன் அறுந்துவிடாமல் இருக்கிறதா என்று நடுநடுவே ஒரு நொடி உள்ளே போய்க் கேட்டுவிட்டு வெளியே வருவது எங்கள் வேலையில் ஒன்று. அப்படிப் போனேன். காதில் விழுந்தது மனிதக் குரலே இல்லை. கிளி ஒன்று வாயில் தண்ணீரை வைத்துக் கொப்பளித்துக்கொண்டே பேசினால் எப்படி இருக்குமோ அப்படி ஒரு கீச்சொலி. ஏதோ மொழி மாதிரியும் இருந்தது, எந்த மொழியாகவும் இல்லை.

லைனோடு லைன் பின்னிக்கொண்டது என்று முடிவு செய்து சொருகியைப் பிடுங்கினேன். திரும்பத் திருச்சியைக் கூப்பிட்டுப் புதிதாகச் சேர்த்தேன். கமாண்டர் என்னைத் திட்டிய திட்டு எல்லாம் சுத்தமான இங்கிலீஷில் வந்தது. சிறிது நேரம் கழித்து உள்ளே போனால் மறுபடியும் அதே கிளி. மறுபடியும் பிடுங்கினேன்.

நான் அந்த வேலைக்கு வந்தது இப்படித்தான். என் கணவர் பினாங்கில் ஒரு கம்பெனியில் கணக்கராக இருந்தார். சிங்கப்பூர் ஜப்பான்காரன் கையில் விழுந்த பிறகு அவரிடமிருந்து கடிதம் நின்றுபோயிற்று. யுத்தம் முடிந்து, ஆளே பாதியாகி, நல்லபடியாகத் திரும்பி வந்தார். ஆனால் அந்த வருஷங்களில் இருக்கிறாரா இல்லையா என்று யாருக்கும் தெரியாது. தெற்கு மாசி வீதிப் பக்கம் ஒரு சந்தில் மாமனார் வீட்டில் இருந்தேன். மாமனார் பள்ளிக்கூட வாத்தியார். ஆண்கள் பலர் பட்டாளத்துக்குப் போய்விட்டதால் எக்ஸ்சேஞ்சில் இங்கிலீஷ் பேசத் தெரிந்த பெண்களை எடுக்கிறார்கள் என்று அவரே கேள்விப்பட்டு வந்து சொன்னார். வீட்டில் உட்கார்ந்து வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பதைவிட இது மேல் என்றார். தெருவில் நாலு பேர் நாலு விதமாகப் பேசினார்கள். அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

எங்கள் சூப்பர்வைசர் ரயில்வே காலனியைச் சேர்ந்த ஆங்கிலோ இந்தியப் பெண்மணி. எங்களுக்கு அவர் ‘மிஸ்’. முகாமிலிருந்து வந்த புகாரைப் படித்துவிட்டு, நீ கேட்டது எப்படி இருந்தது என்று மட்டும் கேட்டார். கிளி மாதிரி என்றேன். தனக்கும் ஒருமுறை அப்படிக் கேட்டதாகவும், வெயிலில் தலை சுற்றுகிறது போல என்று பேசாமல் இருந்துவிட்டதாகவும் சொன்னார். என்னைப் போலவே திருச்சியிலும் யாரோ பிடுங்கியிருக்கிறார்கள். இப்படியே போனால் காரியம் ஆகாது, ராணுவக் கால்களைச் சேர்ப்பவர்களுக்கு மட்டும் அந்த ஒலியைக் காட்டிவிடுவதே நல்லது என்று முகாமில் முடிவாயிற்று. எங்கள் இருவரையும் லாரியில் அழைத்துப் போனார்கள்.

முதலில் கையெழுத்து. இங்கே பார்ப்பதையும் கேட்பதையும் வெளியே சொல்லமாட்டோம் என்று வாசித்துக் காட்டிக் கையெழுத்து வாங்கினார்கள். பிறகு சிக்னல் பிரிவு ஹவில்தார் ஒருவர் வந்தார். மதுரைக்காரர்தான். பெரிய பள்ளிவாசல் பக்கத்தில் அத்தர் கடை வைத்திருந்த குடும்பம். ஜபல்பூரில் பயிற்சி முடித்து, சொந்த ஊருக்கே வேலைக்கு வந்துவிட்டதில் அவருக்கு ஒரே சந்தோஷம். “வாங்கக்கா, நீங்கதானா அது? கமாண்டர் லைனை ரெண்டு தரம் புடுங்குன ஆளைப் பாக்கணும்னு முகாமே காத்துக் கெடக்கு” என்றார்.

மேஜையில் டெலிபோன், அதன் பக்கத்தில் ஒரு பெட்டி. அவ்வளவுதான். சின்னப் பிள்ளையின் டிரங்குப் பெட்டி அளவுக்கு இருக்கும். பக்கத்துக் கூடாரத்தில் இதேபோல இன்னொரு டெலிபோனும் பெட்டியும் இருப்பதாக ஹவில்தார் சொன்னார். இரண்டுக்கும் நடுவே ஓடிய கம்பியில் ஒரு காதுக்குழாயை மாட்டி என்னிடம் கொடுத்தார். போர்டில் நீங்கள் இருக்கும் இடம் இதுதான் என்றார். மிஸ் கூடாரத்துக்குப் போய்ப் பேச வேண்டும் என்பது ஏற்பாடு.

என்ன பேசுவதென்று அவருக்குத் தெரியவில்லை. தேவாலயத்தில் பாடுகிறவர் என்பதால் ஸ்வரங்களைக் கீழிருந்து மேலாக ஒவ்வொன்றாகப் பாடத் தொடங்கினார். கூடாரத் துணி வழியாக அது எனக்கு நேராகவும் கேட்டது. ஒரு காதில் அவர் குரல் படிப்படியாக ஏறிக்கொண்டிருந்தது. காதுக்குழாய் வைத்த மறு காதில் ஒரு கீச்சுக்குரல், உச்சியில் ஆரம்பித்து, நெருக்கமான சின்னச் சின்னப் படிகளில் இறங்கிக்கொண்டிருந்தது. அவர் ஒரு படி ஏறினால் இது ஒரு படி இறங்கிற்று. அவர் நிறுத்தினால் இதுவும் நின்றது. சிறுவயதில் நானும் ஐந்தாறு வருஷம் பாட்டு கற்றவள். ஆரோகணமும் அவரோகணமும் ஒரே தொண்டையிலிருந்து ஒரே மூச்சில் வருவதை அன்றுதான் கேட்டேன்.

ஹவில்தார் இந்தப் பக்கத்து டெலிபோனை எடுத்து என் காதில் வைத்தார். பெட்டி வழியாக வந்த குரல் மிஸ்ஸின் சொந்தக் குரல். கொஞ்சம் கரகரப்பு, மற்றபடி அவரேதான்.

இது எப்படி என்று கேட்டேன்.

“பேச்சுல மேல் சத்தமும் இருக்கு, கீழ் சத்தமும் இருக்குல்லக்கா. இந்தப் பெட்டி மேல இருக்கிறதக் கீழ போட்ருது, கீழ இருக்கிறத மேல தூக்கிருது. சட்டையைக் கழட்டும்போது உள்பக்கம் வெளிய வருதுல்ல, அது மாதிரி. அங்கிட்டு இருக்கிற பெட்டி மறுபடி திருப்புது. ரெண்டு தரம் திருப்புனா நேராயிருச்சு. நடுவுல நிக்கிறவனுக்கு ஒண்ணும் வெளங்காது.”

நடுவில் நிற்பவள் நான்தான்.

பாடி முடித்த வெட்கத்தில் மிஸ் கூடாரத்துக்குள் சிரித்துவிட்டார். காதுக்குழாயில் அது ஏதோ பூச்சி கத்துவது போல வந்தது. ஆனாலும் சிரிப்பு என்று தெரிந்தது. விட்டு விட்டு, மூச்சு வாங்கி, மறுபடி பொங்கி. அதைச் சொன்னேன். ஹவில்தார் கொஞ்சம் யோசித்துவிட்டு, சத்தத்தைத்தான் இது திருப்பும், தாளத்தைத் திருப்பாது என்றார்.

திரும்பி வரும் வழியில் பூட்டிய ஓர் அறையிலிருந்து தட்டச்சு அடிக்கிற மாதிரிச் சத்தம் வந்தது. அது எழுத்துக்கான பெட்டி என்று மட்டும் ஹவில்தார் சொன்னார். உள்ளே சக்கரங்கள் இருக்குமாம். ஒரே எழுத்தை நாலு தரம் தட்டினால் நாலு வேறு எழுத்து விழுமாம். அதேபோல சக்கரங்களைத் திருப்பி வைத்த இன்னொரு பெட்டியில் அந்தக் குப்பையைத் தட்டினால் பழைய வாசகம் அப்படியே வந்துவிடுமாம். மேற்கொண்டு கேட்காதீர்கள் என்றார். கேட்கவில்லை.

அதற்கப்புறம் வேலைக்குப் போவதே எனக்கு வேறு மாதிரி ஆகிவிட்டது. பஞ்சாலை ஏஜெண்டு, ஜவுளிக்கடை முதலாளி, வக்கீல், டாக்டர் என்று நாள் முழுக்க இரைச்சல். அதன் நடுவே எப்போதாவது அந்தக் கீச்சொலி. ஒரு நொடி கேட்டு, சரி, பெட்டி பேசுகிறது என்று விலகுவேன். விலகிய பிறகும் மனசு விலகாது. வாடிப்பட்டியில் கட்டிக்கொடுத்திருந்த நாத்தனாரைப் பார்க்க பஸ்ஸில் போகும்போது சாலையோரக் கம்பங்களையே பார்த்துக்கொண்டு போவேன். கம்பியில் கரிச்சான் குருவி உட்கார்ந்திருக்கும். கீழே நாற்று நட்டுக்கொண்டிருப்பார்கள். அந்த நேரத்தில் அந்தக் கம்பியில் ஒரு மனிதனின் பேச்சு தலைகீழாக ஓடிக்கொண்டிருக்கலாம். இதை நாத்தனாரிடம்கூடச் சொல்ல முடியாது. வயிற்றில் பிள்ளையைப் போல அதைச் சுமந்துகொண்டு திரிந்தேன்.

பல வருஷம் கழித்து, அந்த ரகசியங்களெல்லாம் புத்தகத்தில் அச்சான பிறகு, நூலகத்தில் உட்கார்ந்து படித்தேன். நாங்கள் பார்த்த பெட்டி அப்படியொன்றும் பலமானதில்லையாம். காது பழகியவன் பொறுமையாகக் கேட்டால் அரைகுறையாகப் பிடித்துவிடுவானாம். அதே யுத்தத்தில் கடலுக்கு அப்பால் ஓர் அறை நிறைய இயந்திரம் வைத்து, குரலை எண்களாக மாற்றி, அதில் வெறும் இரைச்சல் பதிந்த கிராமபோன் தட்டின் ஒலியைக் கலந்து அனுப்பியிருக்கிறார்கள். மறுமுனையில் அதே தட்டு அதே வேகத்தில் சுற்றி அந்த இரைச்சலைக் கழித்துவிடுமாம். ஒருமுறை ஓடிய தட்டு மறுமுறை ஓடாது. படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் புத்தகத்தை மூடி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். இருந்தாலும் எனக்கு மலைப்பு என்றால் முதலில் நினைவுக்கு வருவது அந்தச் சின்னப் பெட்டிதான்.

ஒரு நாள் மத்தியானம். வெயில் ஜன்னல் தட்டியைப் பொசுக்கிக்கொண்டிருந்தது. பெங்களூரிலிருந்து கமாண்டருக்கு அவசரக் கால் வந்தது. சேர்த்தேன். இரண்டு வார்த்தை நேராகப் பேசினார்கள், பிறகு பெட்டியைப் போட்டுக்கொண்டார்கள். வடக்கே போக நல்ல லைன் அப்போது அது ஒன்றுதான். பஞ்சாலை ஏஜெண்டு கோயமுத்தூருக்குக் காத்திருந்தார். ஒரு பெரிய அதிகாரியின் வீட்டிலிருந்தும் சென்னைக்குக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அனுமதித்த நேரம் முடிந்ததும் உள்ளே போனேன்.

பேச்சு இல்லை. பெங்களூர்ப் பக்கம் முழு அமைதி. முகாம் பக்கத்திலிருந்து கீச்சொலி விட்டு விட்டு வந்தது. முதலில் இருமல் என்று நினைத்தேன். இழுத்து ஒரு மூச்சு, அடக்கப் பார்த்து ஒரு திக்கல், மறுபடி அடங்காமல் உடைவது. எங்களைக் குப்பை மாதிரி அதட்டுகிற அந்த மனிதர் அழுதுகொண்டிருந்தார்.

நான் உடனே வெளியே வந்துவிட்டேன். நேரம் முடிந்தது என்று அவர்களிடம் சொல்லவில்லை. ஏஜெண்டு கூப்பிட்டார், லைன் கிடைக்கவில்லை என்றேன். அதிகாரி வீட்டிலிருந்து கூப்பிட்டார்கள், அதையே சொன்னேன். அவர்கள் நேராக மிஸ்ஸுக்குப் புகார் செய்தார்கள். மிஸ் வேகமாக என்னிடம் வந்து, ஏன் இன்னும் லைனை விடுவிக்கவில்லை என்று கேட்டார். பக்கத்தில் மற்ற பெண்கள் இருந்தார்கள். அவர்கள் முகாமில் கையெழுத்துப் போட்டவர்கள் இல்லை. நான் வாயைத் திறக்காமல் என் ஹெட்செட்டைக் கழற்றி அவரிடம் நீட்டினேன்.

அவர் ஒரு நொடிதான் கேட்டார். கழற்றித் திரும்ப என் கையில் கொடுத்தார். பிறகு பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து, காத்திருந்த கால்களையெல்லாம் ஒவ்வொன்றாகத் தானே எடுத்து, மன்னிக்க வேண்டும், தாமதமாகும் என்று சொல்லிக்கொண்டே இருந்தார். கமாண்டர் தானாக டெலிபோனை வைத்ததைக் காட்டி விளக்கு எரிகிறவரை அந்த லைனை நாங்கள் தொடவில்லை.

அன்றைக்குத் தேவாலயத்தில் மெழுகுவர்த்தி ஏற்றப் போனதாக மிஸ் மறுநாள் சொன்னார். நான் கோயிலுக்குப் போய் அம்மன் சன்னதியில் நின்றிருந்தேன். யார் செத்தார்களோ தெரியாது. யாரோ ஒருவருக்காக. நிற்கும்போது என் கணவரையும் நினைத்துக்கொண்டேன். இப்படி ஒரு செய்தி எனக்கு எந்தக் கம்பியில் வரப்போகிறதோ என்று பயமாக இருந்தது.

புகார் மேலிடம் வரை போய், ராணுவக் கால் என்பதால் அப்படியே அமுங்கிவிட்டது. சில வாரங்கள் கழித்து ஹவில்தாரோடு கமாண்டரே எக்ஸ்சேஞ்சுக்கு வந்தார். அவ்வளவு உயரமான ஆள் என்று நான் நினைத்ததே இல்லை. மிஸ்ஸின் அறையில் நின்றுகொண்டே, அந்த மத்தியானம் போர்டில் இருந்தது யார் என்று கேட்டார். எழுந்து போனேன். வேலை போயிற்று என்றுதான் நினைத்தேன்.

லைனைப் பிடுங்காமல் வைத்திருந்ததற்கு நன்றி என்றார். மிஸ் மெதுவாக, உங்கள் இழப்புக்கு வருந்துகிறோம் என்றார். அவருக்குப் புரியவில்லை. எங்கள் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு புரிந்திருக்க வேண்டும், நாற்காலியை இழுத்து உட்கார்ந்துவிட்டார்.

அவருடைய ஒரே மகன் விமானி. பர்மாக் காட்டுக்கு மேல் விமானத்தோடு காணாமல் போய் மாதக்கணக்கில் ஆகியிருந்தது. செத்துவிட்டான் என்றே எடுத்துக்கொண்டு, யாரிடமும் சொல்லாமல், வேலையைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். காட்டுவாசிகள் காப்பாற்றி எல்லை வரை நடத்திக் கொண்டுவந்து விட்டார்கள், பையன் உயிரோடு ஆஸ்பத்திரியில் இருக்கிறான் என்பதுதான் அன்றைக்கு வந்த செய்தி. பையன் தப்பி வந்த வழி வெளியே தெரியக்கூடாது என்பதால் பெட்டியில் சொல்லியிருக்கிறார்கள்.

மிஸ் கையால் வாயைப் பொத்திக்கொண்டார். உயிரோடு இருக்கும் ஒரு பையனின் ஆத்மா சாந்தியடைய இரண்டு சாமிகளிடம் இரண்டு பேர் வேண்டியிருக்கிறோம். அழுகையை நாங்கள் பிடித்துவிட்டோம். எதற்காக அழுகிறார் என்பதைப் பெட்டி எங்களிடமிருந்து காப்பாற்றிவிட்டது.

நான் அழுதது உனக்கு எப்படித் தெரிந்தது என்று என்னிடம் கேட்டார். மூச்சை அது திருப்பவில்லை சார் என்றேன்.

அத்தனை மாதமாக அதில் பேசியும், வெளியே அது எப்படிக் கேட்கிறது என்று தான் ஒருமுறைகூடக் கேட்டதில்லை என்றார். கேட்கலாமா என்று, முதன்முறையாகக் கெஞ்சுகிற குரலில் கேட்டார். ஹவில்தார் முகாமுக்குப் பேசி, திருச்சிக்கு ஒரு சோதனைக் கால் போட ஏற்பாடு செய்தார். மற்ற பெண்களை மிஸ் வெளியே அனுப்பினார். கமாண்டர் என் நாற்காலியில் முழங்கால் இடிக்க உட்கார்ந்து ஹெட்செட்டை மாட்டிக்கொண்டார். நான் பின்னால் நின்று சொருகியைச் செருகினேன்.

கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். கால் முடிந்த பிறகும் எழுந்திருக்கவில்லை. பிறகு ஹெட்செட்டை இரண்டு கையாலும் கழற்றி என்னிடம் கொடுத்தார். தொப்பியை எடுத்துக்கொண்டு, எங்கள் இருவருக்கும் தலை தாழ்த்திவிட்டுப் படியிறங்கிப் போனார். ஹவில்தார் மட்டும் வாசலில் ஒரு நிமிஷம் நின்றார்.

“நடுவுல நிக்கிறவுகளுக்கு என்ன கேக்குதுன்னு அவுகளுக்கு இன்னைக்குத்தான் வெளங்குச்சு போல, அக்கா” என்றார். “வாரேன்.”