பந்துக்கு எகிறாத எங்கள் அண்ணன்

எங்கள் அண்ணன் மறைந்து ஓராண்டு நிறைகிறது. இராயபுரத்தில் பிறந்து, இளம் வயதில் தந்தையை இழந்து, துறைமுகத்தில் மூட்டை சுமந்து எங்களை வளர்த்தவர். கோபமே வராத மனிதர் என்று எல்லோரும் சொல்வீர்கள். அண்ணியாரைக் கேட்டால் வேறு கதை வரும்.

இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் துறைமுகத்தில் கரையிறங்கிய ஆஸ்திரேலிய மாலுமிகள் முட்டை வடிவப் பந்தை வைத்து ஆடுவார்கள். ஆள்மேல் ஆளாக எகிறிப் பந்தைக் கையால் பிடிப்பதுதான் அந்த ஆட்டத்தின் அழகு. அவர்களோடு ஆடி அண்ணன் அந்த எகிறலைக் கற்றார். கப்பல் புறப்படும்போது ஒருவர் தம் பூட்ஸையும் கொடுத்துவிட்டுப் போனார். அந்த எகிறலால்தான் நம் கால்பந்தில் அண்ணன் பேர்பெற்ற கோல்கீப்பர் ஆனார்.

அந்நாளில் நன்றாக ஆடுபவர்களை ஆலைகள் அழைத்து வேலை கொடுக்கும். திருவொற்றியூர்ப் பக்கத்து ஆலை ஒன்று, இருந்த ஒரே இடத்துக்கு ஆள் எடுக்க ஆட்டம் வைத்தது. எல்லோரும் வெறுங்கால். அண்ணன் மட்டும் ஆசையாக அந்த பூட்ஸை மாட்டிக்கொண்டு போனார். உயரத்தில் வந்த பந்துக்கு எகிறியவர், அதே வேலைக்காக ஆட வந்திருந்த முகத்துவாரக்குப்பத்து மீனவர் காசியின் காலில் இறங்கினார். பாதம் நொறுங்கியது. வேலை அண்ணனுக்குக் கிடைத்தது. காசி கட்டுமரம் தள்ள முடியாமல், கரையிலேயே வலை பின்னும் வேலையோடு ஒதுங்கினார்.

அதன்பின் அண்ணன் பூட்ஸைத் தொடவில்லை. ஆலை அணிக்கு வெறுங்காலில் ஆடினார். ஆனால் தலைக்கு மேல் பந்து வந்தால் எகிற மாட்டார்.

"இன்னா மாமு, காலு தரைல ஒட்டிக்கினு கீதா?" என்று கூட்டம் கத்தும்.

கோல் மேல் கோல் விழுந்தது. சில வருடங்களில் அணியிலிருந்து நீக்கிவிட்டார்கள். ஞாயிறுதோறும் குப்பத்துக்குப் போய்க் காசியோடு உட்கார்ந்து வலை பின்னுவார். வீட்டுக்கு வந்தால் அண்ணியாரிடம்கூட முகம் கொடுத்துப் பேச மாட்டார். "அவன் நடக்கறத பாத்தா சோறு எறங்கலடா" என்பார். மஞ்சள் காமாலையில் படுத்தபோதும் அதே பேச்சுதான்: "அவன் பொழப்ப துன்னுட்டேன்டா."

மூலக்கொத்தளத்தில் அண்ணனுக்கு மண் போட்டுத் திரும்பும்போது காசி என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்.

"தம்பி, உங்கண்ணன் மேல தப்பு இல்ல. அந்த வேல எனக்கு வோணும்னு, அவன் எகிறினப்போ கால வாரி வுடலாம்னுதான் அடியில பூந்தேன். ஞாயித்துக்கெழமையானா சொல்லிடலாம்னு பாப்பேன். சொன்னா அப்பால வரமாட்டானோன்னு வுட்டுட்டேன்."

எனக்கு ஆத்திரம்தான் வந்தது. ஆட்டத்தையும் தூக்கத்தையும் தொலைத்தாரே அண்ணன். ஆனாலும் அந்தக் கையை உதற மனம் வரவில்லை.

அண்ணனுக்கு வைத்தியம் பார்த்தவர்கள், தோள் கொடுத்த ஆலைத் தோழர்கள், குப்பத்து மக்கள் எல்லோருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. காசி அவர்களின் சம்மதத்தோடுதான் இதை எழுதினேன்.

"எழுது தம்பி, எல்லாரும் படிக்கட்டும்" என்றார். "அவன் ஒருத்தன் காதுலதான் வுழாது."