டபேதார் வந்தால்

செங்கல்பட்டில் நாங்கள் குடியிருந்த தெருவில் என் பெயர் யாருக்கும் தெரியாது. பால்காரர் முதல் எதிர்வீட்டு வாண்டுகள் வரை எல்லாருக்கும் நான் ‘டபேதார் பொண்டாட்டி’தான். ஆரம்பத்தில் எனக்கு அது பெருமையாகத்தான் இருந்தது. பொய் சொல்வானேன்.

என் வீட்டுக்காரர் ஒரு பெரிய அதிகாரியின் ஆபீசில் சாதாரண பியூனாகச் சேர்ந்தவர். எழுபதுகளின் தொடக்கத்தில் டபேதார் ஆனார். அதிகாரி எங்கே போனாலும் அவருக்கு முன்னால் நடக்கிற உத்தியோகம். வெள்ளைக் கோட்டு, வெள்ளைத் தலைப்பாகை, தோளிலிருந்து இடுப்புக்குக் குறுக்கே சிவப்பு டவாலி, அதன் நடுவில் பித்தளை வில்லை. அந்த வில்லையைப் புளி போட்டுத் துலக்குகிற வேலை மட்டும் எனக்கு.

“டபேதார்னா இன்னாயா அர்த்தம்?” என்று ஒருநாள் கேட்டேன்.

ஆபீசில் ஹெட் கிளார்க் சொல்லிக் கொடுத்ததை அப்படியே ஒப்பித்தார். அது பாரசீக வார்த்தையாம். தஃபா என்றால் ஒரு சின்னக் கூட்டம், தார் என்றால் அதைக் கையில் வைத்திருப்பவன். நவாபு காலத்திலும் கம்பெனிக்காரன் காலத்திலும் குதிரைப் படையில் கொஞ்சம் சவாரிக்காரர்களுக்குத் தலைவனாக இருந்தவன் டபேதார். இன்றைக்கும் பட்டாளத்தில் அந்தப் பட்டம் இருக்கிறதாம்.

“தாசில்தார், சுபேதார், ஜமேதார் எல்லாம் எங்க பங்காளிங்கதான் மே” என்றார் மீசையைத் தடவிக்கொண்டு.

“நல்ல பங்காளிங்கதான் போ. தாசில்தாரு மேசைக்கு அந்தாண்ட குந்திகினு கீறாரு. நீ கதவாண்ட நின்னுகினு கீறே. சரி, உன் குதிரை எங்க?”

“குதிரை போயி ஜீப்பு வந்துடுச்சு. அதுக்குக் கதவைத் தொறந்து விடறதுதான் இப்ப டபேதாரு.”

சொல்லிவிட்டு அவரே சிரித்தார். நானும் சிரித்தேன். ஆனால் தெருவில் யாரும் சிரிக்க மாட்டார்கள். அவர் டவாலியோடு கடைவீதியில் நடந்தால் டீக்கடை பெஞ்சில் இருப்பவர்கள் எழுந்து நிற்பார்கள், மடித்துக் கட்டிய லுங்கியை இறக்கி விடுவார்கள். அது அவருக்கான மரியாதை இல்லை. டபேதார் முன்னால் வந்தால் பின்னாலேயே சர்க்கார் வருகிறது என்ற பயம். அந்தக் கோட்டும் டவாலியும் ஆணியில் மாட்டியிருக்கும்போது, உள்ளே ஆளே இல்லாமல் யாரோ நிற்கிற மாதிரி இருக்கும். பகலிலேயே இரண்டு மூன்று தரம் எனக்குத் தூக்கிவாரிப் போட்டிருக்கிறது.

என் தாய்வீடு மாமல்லபுரத்துக்குத் தெற்கே ஒரு கடலோரக் குப்பம். அம்மா அப்பா இல்லை. அண்ணன் ஒருத்தன்தான். கட்டுமரத்தில் போய் மீன் பிடிக்கிறவன். எனக்குத் தலைப்பிரசவம் என்றதும் அண்ணிதான் வந்து என்னைக் கூட்டிக்கொண்டு போனாள். அவளுக்குக் கல்யாணமாகிச் சில வருஷம் ஆகியும் வயிற்றில் ஒன்றும் தங்கவில்லை. ஆனாலும் ஒரு பொறாமை, ஒரு சுடுசொல் கிடையாது. திருப்போரூர் முருகனுக்கு வேண்டிக்கொண்டு மஞ்சள் துணியில் காசு முடிந்து வைத்துவிட்டு, எனக்குப் பத்தியம் சமைத்துப் போட்டாள். தங்கம் அவள்.

என் வீட்டுக்காரர் ஞாயிற்றுக்கிழமைகளில் குப்பத்துக்கு வருவார். அன்றைக்கு லுங்கியும் பனியனும்தான். சின்ன வயதிலேயே அவருக்குத் தலை பளபளவென்று வழுக்கை. அண்ணனும் கூட்டாளிகளும் சவுக்குத்தோப்பு நிழலில் சீட்டாடும்போது, “வா மொட்டை மச்சான், கை போடு” என்று வம்புக்கு இழுப்பார்கள். அவரும் சளைக்காமல் வாயாடுவார். அந்தக் குப்பத்தில் யாரும் அவரை டவாலியோடு பார்த்ததே இல்லை.

அது எமர்ஜென்சி நேரம். எங்கே பார்த்தாலும் குடும்பக் கட்டுப்பாடு என்றுதான் பேச்சு. எனக்குக் குழந்தை பிறந்த கையோடு குப்பத்தில் ஒரு வதந்தி கிளம்பியது. சந்தைக்குப் போன ஆம்பளைகளை வண்டியில் ஏற்றிக்கொண்டு போய் ஆப்பரேஷன் பண்ணி அனுப்புகிறார்களாம், கல்யாணமாகாத பையனைக்கூட விடவில்லையாம். பார்த்தவர் யார் என்று கேட்டால் ஒருத்தரும் இல்லை. மீன் கூடையோடு போய் வந்த பெண்கள் படாளம் சந்தையில் கேட்டதாகச் சொன்னார்கள். அங்கே கேட்டிருந்தால் கடற்கரையில் கேட்டதாகச் சொல்லியிருப்பார்கள். எது எப்படியோ, பயம் நிஜம். ஜீப் சத்தம் கேட்டாலே அண்ணி அண்ணனை உள்ளே தள்ளிக் கதவைச் சாத்துவாள்.

“ஒரே ஒரு புள்ள பொறக்கட்டும். அப்பால இன்னா வேணா பண்ணிக்கட்டும். இப்ப அவரைத் தொடக்கூடாது” என்று என்னிடம் அழுவாள். நான் என்னவோ அந்தக் கத்தியை என் முந்தானையில் முடிந்து வைத்திருக்கிற மாதிரி.

ஆம்பளைகள் கூடி ஒரு ஏற்பாடு செய்தார்கள். சர்க்கார் ஆள் தலை தெரிந்தால் தகர டின்னைத் தட்ட வேண்டியது, உடனே கட்டுமரத்தைத் தள்ளிக்கொண்டு கடலுக்குள் போய்விட வேண்டியது. “கடல்ல ஜீப்பு வருமா இன்னா?” என்றான் அண்ணன். எல்லாரும் சிரித்தார்கள். யாரோ ஒருத்தன் என்னைப் பார்த்துக்கொண்டே, “டவாலி போட்டுகினு மொதல்ல வரப்போறதே நம்ம மொட்டை மச்சான்தானே” என்றான். அதற்கு யாரும் சிரிக்கவில்லை.

“அவரு அப்படிப்பட்டவரு இல்ல” என்றேன்.

“அவரு நல்லவருதான். டபேதாரு?” என்று கேட்டான் அண்ணன்.

ஐப்பசி மாதம் ஒருநாள் விடிந்ததிலிருந்தே கடல் சரியில்லை. தண்ணீர் சேற்று நிறத்தில் புரண்டது. வாடைக்காற்று மணலை வாரி முகத்தில் அடித்தது. அன்றைக்கு ஒரு மரமும் இறங்கவில்லை. எல்லாவற்றையும் மேட்டில் இழுத்துப் போட்டிருந்தார்கள். நான் குடிசைக்குள் பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தேன். திடீரென்று டின் சத்தம் கேட்டது.

“டவாலி! டவாலி! சவுக்குத்தோப்பாண்ட டவாலி வருது!”

அதற்கப்புறம் ஒரே அமளி. நான் வாசலுக்கு வருவதற்குள் ஆம்பளைகள் மரங்களைத் தள்ளிக்கொண்டு ஓடினார்கள். மற்ற நாளாக இருந்தால் அந்தக் கடலைப் பார்த்து ஒருத்தன் கால் வைத்திருக்க மாட்டான். எல்லாருக்கும் முன்னால் அண்ணன். அண்ணி அவன் பின்னாலேயே ஓடி, போகாதே என்று சொல்வாள் என்று பார்த்தால், “சீக்கிரம் போ, சீக்கிரம்” என்று அவளும் சேர்ந்து தள்ளினாள். ஒவ்வொரு மரமும் அலை உடைகிற இடத்தில் செங்குத்தாக எழும்பி விழுந்தது. அப்படியும் தாண்டிவிட்டார்கள்.

சவுக்குத்தோப்பிலிருந்து என் வீட்டுக்காரர் வெளியே வந்தார். கோட்டு, தலைப்பாகை, டவாலி, வில்லை, எல்லாம் முழுசாக. என் புருஷன்தான், என் பிள்ளைக்கு அப்பன்தான். ஆனால் அந்த நிமிஷம் நான் செய்தது என்ன தெரியுமா? பிள்ளையைச் சேலைக்குள் மறைத்துக்கொண்டு ஓர் எட்டுப் பின்னால் போனேன்.

அவர் மூச்சிரைக்க ஓடி வந்தார். “இன்னாமே இது? எங்க போறானுங்க எல்லாரும்?”

“உன்னைப் பாத்துத்தான் ஓடறாங்க! எதுக்குய்யா வந்தே? புடிக்க வந்தியா?”

“அடிப்பாவி! புயல் வருது! சாயங்காலம் இங்கதான் கரை ஏறுமாம், தந்தி வந்துகீது. எல்லாரையும் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிகினு போவணும். ஐயா ஜீப்பு கால்வாயாண்ட சேத்துல மாட்டிக்கிச்சு. நீ முன்னாடி ஓடிப் போய்ச் சொல்லுன்னு என்னை அனுப்பினாரு.”

பிழைக்க வைக்க வந்தவரைப் பார்த்து அத்தனை பேரும் சாவைப் பார்க்கப் போயிருக்கிறார்கள்.

அவர் தண்ணீரோரம் ஓடி நின்று கத்தினார். காற்று அவர் குரலை அப்படியே திருப்பி எங்கள் மேலேயே போட்டது. இரண்டு கையையும் ஆட்டினார். கை ஆட ஆட, சிவப்பு டவாலியும் ஆடியது. கடலில் அண்ணன் மரத்தில் துடுப்பு இன்னும் வேகமாக விழுந்தது. மரம் இன்னும் தூரம் போனது.

“கையை ஆட்டாதேய்யா! கூப்புட கூப்புட அப்பால போறாங்க!” என்று கத்தினாள் அண்ணி. விஷயம் புரிந்ததும், தானே தள்ளிவிட்ட மரத்தையே பார்த்தபடி மணலில் உட்கார்ந்துவிட்டாள்.

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. பிள்ளையை அவள் மடியில் போட்டுவிட்டு ஓடிப் போய் அவர் டவாலியைப் பிடித்து இழுத்தேன். “கழட்டு! இந்தச் சனியனைக் கழட்டு மொதல்ல!”

அவர் இரண்டு கையாலும் வில்லையைப் பிடித்துக்கொண்டார். “சர்க்கார் சொத்துமே. ஐயா பின்னாலயே வந்துகினு கீறாரு. டூட்டியில டவாலி இல்லாம நின்னா வேலை பூடும்.”

அவரைப் பார்த்து ஊரே பயந்தது. அவரோ பின்னால் வருகிறவரை நினைத்துப் பயந்தார். அந்த வேலையில்தான் எங்கள் அடுப்பு எரிந்தது, அது எனக்குத் தெரியாதா என்ன.

“வேலை போனா போவட்டும். நான் மீன் வித்துச் சோறு போடறேன். எங்க அண்ணன் பூட்டா எனக்கு யாருய்யா கீறாங்க?”

அவர் கடலைப் பார்த்தார். அண்ணனுடைய மரம் ஓர் அலைக்குப் பின்னால் மறைந்து, நெடுநேரம் கழித்துத் தெரிந்தது. அவ்வளவுதான். டவாலியை உருவி மணலில் எறிந்தார். கோட்டைக் கழற்றினார், பேண்ட்டைக் கழற்றினார், கடைசியாகத் தலைப்பாகையைக் கழற்றினார். பனியனும் டிராயருமாக, இடுப்பளவு தண்ணீரில் இறங்கி நின்றார். அதற்குள் பிடித்துக்கொண்ட மழையில் அந்த வழுக்கைத் தலை மினுமினுத்தது.

“மச்சான்! நான்தான்டா! மொட்டைடா!”

குரல் போய்ச் சேர்ந்திருக்காது. தலை தெரிந்திருக்கும். முதலில் ஒரு மரம் திரும்பியது. அப்புறம் இன்னொன்று. ஒவ்வொன்றாகக் கரைக்கு வந்து விழ, பெண்கள் ஓடி ஓடி இழுத்துப் போட்டார்கள். எல்லாருக்கும் முன்னால் போனவன் அண்ணன். அதனால் அவன்தான் எல்லாரிலும் தூரத்தில் இருந்தான்.

அவன் திரும்பி வருகிற வழியில், அலை உடைகிற இடத்தில் மரம் புரண்டது. மரம் தெரிந்தது. அவனைக் காணோம். என் வீட்டுக்காரர் அப்படியே அலைக்குள் பாய்ந்தார். அவருக்கு ஏரியில்தான் நீச்சல் தெரியும். இரண்டு பேரையும் காணோம். முருகா, முருகா என்று மார்பில் அடித்துக்கொண்டேன்.

அந்த நேரத்தில்தான் பின்னால், “டபேதார் எங்கே?” என்று ஒரு குரல்.

அதிகாரி வந்திருந்தார். சின்ன வயசுதான், முழங்கால் வரை சேறு. கெட்டவர் இல்லை, நனைந்துகொண்டு நடந்தே வந்திருக்கிறார். மணலில் கிடந்த டவாலியைப் பார்த்தார். கடலிலிருந்து இரண்டு தலை எழும்பியது. குப்பத்து ஆட்கள் கை கோத்து இறங்கி இரண்டு பேரையும் இழுத்து வந்தார்கள். அதிகாரி என் வீட்டுக்காரரின் முகத்துக்கு நேரே குனிந்து, “நீ யாருப்பா? எங்க டபேதாரைப் பார்த்தியா?” என்றார்.

வருஷக்கணக்காக ஜீப் கதவைத் திறந்து விட்டவரை அவருக்கு அடையாளம் தெரியவில்லை.

“நான்தாங்க ஐயா” என்றார் இவர், தண்ணீரைக் கக்கிக்கொண்டே. அதிகாரி மணலில் கிடந்த டவாலியை இன்னொரு தரம் பார்த்தார். கடைசியில், “டிரஸ் பண்ணிக்கிட்டு வாங்க. எல்லாரையும் கிளப்பணும்” என்று மட்டும் சொல்லிவிட்டுத் திரும்பிக்கொண்டார்.

அண்ணன் மூச்சு வந்ததும் என் வீட்டுக்காரரைக் கட்டிக்கொண்டு, “மொட்டை மச்சான், மொட்டை மச்சான்” என்று தேம்பித் தேம்பி அழுதான். அப்போதும் அவன் பல் கிடுகிடுவென்று ஆடியது. அண்ணி இரண்டு பேர் காலையும் பிடித்துக்கொண்டு எழவே மாட்டேன் என்றாள்.

கொஞ்ச நேரத்தில் குப்பமே கிளம்பியது. சவுக்குத்தோப்பு வழியாக ஒற்றையடிப் பாதையில் போனோம். மழை கொட்டியது. அண்ணன் தலையில் கோணிப்பையைக் கவிழ்த்துக்கொண்டு, என் பிள்ளையை நெஞ்சோடு அணைத்தபடி எனக்கு முன்னால் நடந்தான். நனைந்த லுங்கியை மடித்துக் கட்டியிருந்தான். பின்னாலிருந்து, “வழி விடுங்க, வழி விடுங்க” என்று கேட்டது. திரும்பிப் பார்த்தேன். ஈரக் கோட்டு, ஈரத் தலைப்பாகை, மணல் ஒட்டிய டவாலி. அதிகாரிக்கு முன்னால் என் வீட்டுக்காரர் வந்துகொண்டிருந்தார்.

ஜனங்கள் பாதையை விட்டு ஒதுங்கினார்கள். அண்ணனும் ஒதுங்கினான். ஒரு கையால் பிள்ளையை இறுக்கிக்கொண்டு, இன்னொரு கையால் மடித்துக் கட்டிய லுங்கியை இறக்கிவிட்டு, தலைகுனிந்து நின்றான்.

என் வீட்டுக்காரர் அவனைப் பார்த்தார். “மச்சான்” என்று வாய் எடுத்தார். பின்னால் அதிகாரி இருந்தார். வாயை மூடிக்கொண்டு அவனைத் தாண்டி நடந்தார்.