அருள் சொன்ன மழை

இவ்வளவு நாள் வாயை மூடிக்கொண்டிருந்தது போதும்.

நான் வானிலையியலில் முதுகலை. அருள் என்னோடு பிளஸ் டூ படித்து, இயற்பியலில் தோற்றவன். செல்போன் கடை வைத்திருக்கிறான். ஆனால் எங்கள் ஊரில் அறுவடைக்கு நாள் குறிப்பது வாட்ஸ்அப்பில் அவன் வானிலை சொல்லி அனுப்பும் குரல்பதிவைக் கேட்டுத்தான்.

இன்று கொள்முதல் நிலையத்து வாசலில் நெல்லைக் குவித்துவிட்டு எடைக்குக் காத்திருந்தோம். மத்தியானம் அவன் குரல் வந்தது.

"மூணு மணிக்குள்ள இடியோட மழை இருக்கு. காத்தும் பலமா அடிக்கும். தார்ப்பாய் போட்டு மூடிருங்க."

"மேகம் திருவாரூர் பக்கம் போயிரும். இங்க ஒரு சொட்டு விழாது" என்று சத்தமாகச் சொன்னேன்.

"சார் படிச்சவங்கதான். ஆனா அருளே சொல்லிட்டாப்ல" என்றபடி பக்கத்துக் குவியல்காரர் கயிற்றை இறுக்கினார். அதற்குப் பிறகு என் நெல்லை நான் எப்படி மூடுவது?

இரண்டே முக்காலுக்குக் கொட்டியது. நான் தார்ப்பாயைப் பிரிப்பதற்குள் மேல்நெல் நனைந்துவிட்டது. பைக்கை அப்படியே போட்டுவிட்டு அருள் ஓடி வந்தான்.

"அந்த முனையப் புடிடா, காத்து தூக்குது!"

பிடித்தேன். அவன் ஒரு வார்த்தை குத்திக் காட்டவில்லை. அதைத்தான் தாங்க முடியவில்லை.

ஈர நெல்லை எடுக்க மாட்டார்கள். காயவைக்க இரண்டு நாள் வெயில் வேண்டும். அது எப்போது என்று அவனிடம்தான் கேட்க வேண்டும்.

ஆகவே இதை என் பெயர் போடாமல் பதிவிடுகிறேன். நான் யாரென்று தெரிந்தவர்கள் தயவுசெய்து கமெண்டில் எழுதிவிடாதீர்கள்.