முப்பது எண்ணும்வரை

இந்திய அகதி முகாமிலிருந்து வெள்ளாங்குளத்துக்கு நாங்கள் திரும்பி வந்த மூன்றாம் வருடம், குறுக்கே வந்த மாட்டுக்கு விலகப்போய் அம்மா சைக்கிளிலிருந்து விழுந்தார். வலது மணிக்கட்டு முறிந்தது. ஆறு கிழமை கழித்துப் பிளாஸ்டரை வெட்டியபோது எலும்பு பொருந்தியிருந்தது. ஆனால் மூட்டு இறுகி, கை பலகைபோல் நின்றது. அம்மா இடியப்பம் அவித்து இரண்டு கடைகளுக்குக் கொடுப்பவர். மாப் பிழியும் உரலை அழுத்துவதற்கு உள்ளங்கை பின்னால் மடிய வேண்டும். அது மடியவில்லை.

யாழ்ப்பாணத்தில் ஒரு டொக்டர் மூட்டைத் திறந்து, உள்ளே ஒட்டிப்பிடித்திருந்த தழும்பை வெட்டி விடுவித்தார். அப்பாவோடு நானும் கட்டிலருகே நின்றேன்.

“நான் செய்தது பாதிதான், தங்கச்சி. மிச்சம் பயிற்சியில இருக்கு. நொந்தாலும் விடாதேங்கோ. விட்டால் திரும்பவும் இறுகிப்போகும்” என்றார் அவர் அம்மாவிடம்.

முன்கையை மேசையில் வைத்து, உள்ளங்கையை இன்னொருவர் மெதுவாகப் பின்னால் வளைத்து, முப்பது எண்ணும்வரை பிடித்திருக்க வேண்டும். பத்து முறை, நாளுக்கு மூன்று தடவை. முதல்நாள் அப்பா பிடித்தார். அம்மா முனகியதும் கையை விட்டுவிட்டு, வேலி பார்க்க வேண்டுமென்று எழுந்து போனவர், பொழுதுபடத்தான் வந்தார். வேலிக்கு ஒன்றும் ஆகியிருக்கவில்லை. அதனால் அந்த வேலை பத்து வயதான என்னிடம் வந்தது.

“நான் கத்தினாலும் நீ விடக்கூடாது, விளங்கிச்சோ?”

“ஓம், அம்மா.”

இரண்டு நாள் ஒழுங்காக எண்ணினேன். மூன்றாம் நாள் அம்மா கண்களை மூடி, சட்டையின் தோளைக் கடித்துக்கொண்டிருந்தார். கன்னத்தில் வழிந்து நாடியிலிருந்து கண்ணீர் மேசையில் சொட்டியது. பன்னிரண்டு, பதின்மூன்று என்று சத்தமாக எண்ணிக்கொண்டு வந்த நான், அடுத்துப் பதினெட்டு என்றேன். அம்மா கண்ணைத் திறக்கவில்லை. மறுநாள் பத்திலிருந்து இருபதுக்குப் போனேன். இரண்டாம் கிழமை முடிவதற்குள் என் முப்பது, உண்மையான பதினைந்தைக்கூட எட்டவில்லை. ஒருவருக்கும் தெரியாமல் அம்மாவின் நோவைப் பாதியாக்கிவிட்டேன் என்று எனக்குப் பெருமை.

கிளினிக்கில் டொக்டர் பாகைமானி போன்ற ஒன்றை மணிக்கட்டில் வைத்து அளந்தார். மறுபடியும் அளந்தார்.

“நான் நினைச்ச அளவு வரேல்லையே. வீட்டில ஒழுங்காச் செய்தனீங்களோ?”

நான் அம்மாவுக்குப் பின்னால் நகர்ந்தேன்.

“பிள்ளை ஒருநாளும் விடேல்லை, டொக்டர்” என்றார் அம்மா. “என்ர கைதான் கேக்குதில்லை.”

பஸ்ஸில் என் தோளில் சாய்ந்து அம்மா நித்திரையானார். பிடிபடாமல் தப்பிவிட்டேன் என்ற நிம்மதியில் நான் ஜன்னலால் வெளியே பார்த்துக்கொண்டு வந்தேன்.

அந்தக் கை பாதி மடிவதோடு நின்றுவிட்டது. அம்மா உரலை இடது கையால் அழுத்திப் பழகினார். ஒரு கடையை விட்டுவிட்டார். இடியப்பத்தைத் தட்டிலிருந்து எடுக்கும்போது பக்கத்து வீட்டுக்காரியோடு கதைத்தபடியேதான் எண்ணுவார், ஒன்றுகூடத் தவறாது. அதைத் தினமும் பக்கத்திலிருந்து பார்த்தவள் நான். இருந்தும், கண்களை மூடிக்கொண்டிருந்த அம்மாவுக்கு என் எண்ணிக்கை பிடிபடவில்லை என்றே நெடுங்காலம் நம்பிக்கொண்டிருந்தேன்.