பாதித் தொட்டி வழக்கு

பரிபூரணம் தப்பு செய்தாலும் அளந்துதான் செய்வார். 1988 கோடையில் சோழபுரத்துக் கூட்டுக் கிணற்றின் சிமெண்டுத் தொட்டியைச் சம்மட்டியால் இடித்தபோதும் அப்படித்தான். முதலில் கயிறு பிடித்து நடுவைக் கண்டார். சுண்ணாம்பால் கோடு கிழித்தார். கோட்டுக்கு இந்தப் பக்கம் இருந்ததை மட்டும் தரைமட்டமாக்கினார். அந்தப் பக்கம் ஒரு செங்கல்கூட அசையவில்லை.

கணவர் கண்ணுச்சாமி பட்டாளத்தில், அஸ்ஸாமில். வருஷத்துக்கு ஒரு லீவு. மற்ற நாளெல்லாம் உழவு, உரம், மின்வாரிய ஆபீஸ், கூலியாட்களோடு மல்லுக்கட்டு எல்லாமே பரிபூரணம்தான். கிணறும் மோட்டாரும் தொட்டியும் அவர்களுக்கும் கொழுந்தன் தனுஷ்கோடிக்கும் சரிபாதி. தொட்டியிலிருந்து அவரவர் வாய்க்காலுக்குத் தண்ணீர் விழ ஆளுக்கொரு மடைவாய். அந்த வருஷம் தொட்டிக்குப் பூச்சு பூசுகிற சாக்கில் தனுஷ்கோடி தன் மடைவாயை நாலு விரற்கடை தாழ்த்திவிட்டார். தண்ணீர் முக்கால்வாசி அவர் பருத்திக்கே போனது. கேட்டதற்கு, "தண்ணிக்கு என்ன தெரியும், மதினி? பள்ளத்தப் பாத்துப் போகுது" என்று சிரித்தார்.

மறுநாள் காலையில் சம்மட்டி. தொட்டித் தண்ணீர் மொத்தமும் பரிபூரணத்தின் வாய்க்காலில் புரண்டது. பதறி ஓடிவந்தவரிடம், "தண்ணிக்கு என்ன தெரியும், கொழுந்தனாரே?" என்றார்.

தனுஷ்கோடி மோட்டார் ஃபியூஸைப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டு நேரே ஸ்டேஷனுக்குப் போனார்.

ஏட்டு சுந்தரபாண்டியன் பரிபூரணத்தைக் கூப்பிட்டு விசாரித்தார். "ஏம்மா, தொட்டிய ஒடைச்சியா?"

"எம் பாதிய ஒடைச்சேன், ஏட்டையா. அவிய பாதியில ஒரு கீறல் இருந்தாக் காட்டுங்க."

"பாதித் தொட்டியில எம்புட்டுத் தண்ணி நிக்கும்?"

"அத அவியல்லா யோசிக்கணும்!"

ஏட்டு சிரித்தார். சிரித்துக்கொண்டே வழக்கையும் பதிந்தார். அன்றே ஜாமீன் கிடைத்தது.

ஸ்ரீவில்லிபுத்தூர் வக்கீல் யதிராஜன் சிரிக்கவில்லை. "பாதி உங்களுதாவே இருக்கட்டும்மா. பங்குள்ள பொருளானாலும், அடுத்தவருக்கு நஷ்டம்னு தெரிஞ்சே இடிச்சா குத்தம்தான். வெறும் சேதம்னா ரெண்டு வருஷம் வரைக்கும் ஜெயிலு. பயிருக்குப் போற தண்ணியக் குறைக்கிற காரியம்னா நானூத்தி முப்பதாவது பிரிவு. அஞ்சு வருஷம் வரைக்கும் போகலாம்."

ஐந்து வருஷம் நிலத்தை யார் பார்ப்பது? பட்டாளத்திலிருப்பவருக்கு என்னவென்று எழுதுவது? பரிபூரணம் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். பிறகு கேட்டார்.

"ஒடைச்சாத்தான் குத்தமா, வக்கீலய்யா? மடவாயத் தாழ்த்தித் தண்ணியக் கொறைச்சா?"

"வேணும்னே செஞ்சதுன்னு நிரூபிச்சா, அதுக்கும் இதே பிரிவுதான்."

வாய்தா நாளில் தனுஷ்கோடி கோர்ட்டு வராண்டாவில் நின்றிருந்தார். அவர் ஃபியூஸைப் பிடுங்கியதிலிருந்து இரண்டு பேர் பருத்தியும் வாடிக்கொண்டிருந்தது. பரிபூரணம் அவர் எதிரே போய் நின்றார்.

"கொழுந்தனாரே, நானும் ஒங்க மேல புகார் குடுக்கப் போறேன். அதே செக்சன், அதே அஞ்சு வருஷம். நான் வேலூர் ஜெயிலு, நீங்க பாளையங்கோட்டை. பருத்திய ஆரு எடுப்பா?"

"மெரட்டுதியளா, மதினி?"

"வக்கீலய்யா எனக்குச் சொன்னத ஒங்களுக்கும் சொல்லுதேன். அம்புட்டுத்தான்."

தனுஷ்கோடி தன் வக்கீலிடம் போய்க் கேட்டுவிட்டுத் திரும்பினார். முகத்தில் ஈயாடவில்லை. "சரி, தொட்டிய ஆரு கட்டுவா?"

"இடிச்ச பாதிய நான் கட்டுதேன். தாழ்த்துன வாய நீங்க ஒசத்துங்க. ஃபியூஸ இன்னைக்கே மாட்டுங்க."

இந்த வழக்கில் இருவரும் ராஜியாகப் போக மாஜிஸ்ட்ரேட் அனுமதி வேண்டும். அவர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். அடுத்த தகராறுக்குச் சம்மட்டியைத் தொடாமல் இங்கே வரும்படி பரிபூரணத்தைக் கண்டித்துவிட்டு, அனுமதி தந்தார்.

ராஜபாளையம் பஸ்ஸில் தனுஷ்கோடி முன் சீட்டிலிருந்து திரும்பினார். "மதினி, நெசமாவே என்னைய உள்ள தள்ளியிருப்பியளா?"

"பருத்தி நிக்கும்போது எப்படித் தள்ள? எடுத்த பொறவு தள்ளியிருப்பேன்."